ஜிஎஸ்டி 9 ஆகுறதுக்கு முன்னாடி ஒரு வெர்ஷன் செக்: மளிகை மொத்த வியாபாரக் கம்பெனி ஒண்ணுல நடந்தது

பின்னணி

சிங்கப்பூர்ல சிராங்கூன் ரோடு பக்கம் கடைவீட்டு மாடியில ஆபீஸ், செனோக்கோவுல குடோன், அரிசி பருப்பு எண்ணெய் மசாலா எல்லாம் ரெஸ்டாரண்டுக்கும் சின்ன கடைகளுக்கும் சப்ளை பண்ற ஒரு மொத்த வியாபாரக் கம்பெனி. அவங்களுக்கு ஐடி சப்போர்ட் பாக்குறது சிங்கப்பூர்லயே உபி (Ubi) ஏரியா பக்கம் இருக்குற எங்க சின்ன டீம். கம்பெனி பேரு, சாஃப்ட்வேர் வெண்டர் பேரு எதுவும் இங்க வராது, அது தேவையும் இல்ல.

மெஷின் நிலவரம் இப்படி. ஆபீஸ்ல ஒரு விண்டோஸ் சர்வர் 2016, அக்கவுண்ட்ஸ் சாஃப்ட்வேரும் டேட்டாபேஸும் அதுல ஓடுது. குடோன்ல ஒரு விண்டோஸ் சர்வர் 2012 ஆர்2, அதுல லேபிள் அடிக்கிற பழைய புரோகிராம் ஒண்ணு, அப்புறம் குடோன்லேர்ந்து வெளிய போற மூட்டைக் கணக்க மணிக்கு ஒரு தடவ ஆபீஸ் சர்வருக்கு அனுப்புற ஒரு குட்டி ஜாப். மத்தபடி முப்பது சொச்சம் பிசி, எல்லாமே விண்டோஸ் 10, ஆனா ஒரே காலத்துல வாங்கினது இல்ல.

2023 அக்டோபர்ல வெண்டர்கிட்டேர்ந்து மெயில் வந்துச்சு. 2024 ஜனவரி 1-லேர்ந்து ஜிஎஸ்டி 8-லேர்ந்து 9 சதவீதம் ஆகுது, அதுக்கு புது பில்ட் (சாஃப்ட்வேரோட புது பதிப்பு) ரெடி, ஆனா சர்வர்லயும் கிளையண்ட் (அந்த சாஃப்ட்வேரோட பிசி பகுதி) போட்டிருக்குற எல்லா பிசியிலயும் டாட் நெட் ஃப்ரேம்வொர்க் (விண்டோஸ் புரோகிராம்கள் ஓடுறதுக்கு அடியில இருக்க வேண்டிய மைக்ரோசாஃப்ட் சாஃப்ட்வேர்) 4.7.2 இல்லன்னா அதுக்கு மேல இருக்கணும்னு ஒரே ஒரு வரி. அதுக்கு முந்தின வருஷம் 7-லேர்ந்து 8 ஆனப்ப கையாலயே டாக்ஸ் கோட மாத்தி, ஜனவரி முதல் வாரம் பூரா பழைய ரேட்ல போன இன்வாய்ஸுக்கெல்லாம் கிரெடிட் நோட் அடிச்சு அக்கவுண்ட்ஸ் அக்கா நொந்து போயிருந்தாங்க. அதனால இந்த தடவ டிசம்பருக்குள்ளயே புது பில்ட் ஏறிடணும்னு அவங்க கறாரா சொல்லிட்டாங்க. முதலாளி பக்கம் வேற ஒரு கண்டிஷன்: தீபாவளி முடியுற வரைக்கும் ஒரு மெஷினையும் தொடக்கூடாது. 2023-ல தீபாவளி நவம்பர் 12, ஞாயித்துக்கிழமை, மறுநாள் திங்கள் லீவு. மளிகை வியாபாரத்துல அந்த சீசன்ல சர்வர ரீஸ்டார்ட் பண்றேன்னு யாரும் வாயத் திறக்க முடியாது, நியாயம்தான்.

அப்போ தீபாவளிக்கு முன்னாடி செய்யக்கூடிய வேலை ஒண்ணே ஒண்ணு: எந்த மெஷின்ல எந்த வெர்ஷன் இருக்குன்னு பாத்து லிஸ்ட் எடுக்குறது. பாக்கறதுனால எதுவும் உடையாது.

முதல்ல கிடைச்ச பதில்கள்

ஒரே கேள்விக்கு முதல் வாரத்துலயே நாலு விதமா பதில் வந்துச்சு.

கம்பெனிகிட்ட ஏற்கனவே ஒரு எக்ஸெல் இன்வென்டரி இருந்துச்சு, முன்னாடி பாத்துட்டிருந்த கான்ட்ராக்டர் செஞ்சது. அதுல எல்லா மெஷினுக்கும் நேரா 4.0.30319-னு இருந்துச்சு. முதலாளி அதப் பாத்துட்டு "தம்பி, கேக்குறது 4.7.2, நம்மகிட்ட இருக்குறது வெறும் 4.0-வா, அப்போ எல்லாத்துக்கும் புதுசா போடணுமா"ன்னு கேட்டாரு. அந்த நம்பர் விண்டோஸ் ஃபோல்டருக்குள்ள மைக்ரோசாஃப்ட் டாட் நெட், ஃப்ரேம்வொர்க்64-னு போனா தெரியுற ஃபோல்டர் பேரு. 4.0-லேர்ந்து 4.8.1 வரைக்கும் எது போட்டாலும் அந்த ஃபோல்டர் பேரு மாறாது, ஏன்னா 4-ல வர்ற ஒவ்வொரு வெர்ஷனும் பழசுக்கு மேலயே உக்காந்துக்கும், அடியில இருக்குற ரன்டைம் எஞ்சின் 4 தான். டைரக்டரி லிஸ்ட் எடுத்து வெர்ஷன் எழுதினா உலகத்துல எல்லா மெஷினும் 4.0.30319 தான். அந்த காலத்துல யாரும் 4.7.2 கேக்கல, அதனால அது தப்புன்னு தெரியவும் வாய்ப்பில்ல.

சேல்ஸ்ல ஒரு பையன், கொஞ்சம் கம்ப்யூட்டர் ஆர்வம் உள்ளவரு, தானே கமாண்ட் பிராம்ப்ட் திறந்து 'டாட்நெட் --வெர்ஷன்' அடிச்சாரு. அப்படி ஒரு கமாண்டே இல்லன்னு வந்துச்சு. "அண்ணே, என் பிசியில டாட் நெட்டே இல்ல"ன்னு மெசேஜ். இன்னொரு பிசியில, ரிப்போர்ட் டூல் ஒண்ணு போட்டிருந்த பிசி, அதே கமாண்டுக்கு 6-ல ஆரம்பிக்கிற நம்பர் வந்துச்சு. அதப் பாத்து 6 இருந்தா 4.7.2-க்கு மேலதானே, ஓகே தானேன்னு ஒரு பேச்சு கிளம்புச்சு. ரெண்டுமே தப்பு. அந்த கமாண்ட் டாட் நெட் கோர், அதுக்கப்புறம் 5, 6, 7, 8-னு வந்த புது குடும்பத்துக்கானது, அதுலயும் வெர்ஷன்னு கேட்டா டெவலப்பர் கிட்டோட நம்பரத்தான் சொல்லும், ரன்டைம் மட்டும் இருக்குற பிசியில கிட் இல்லன்னு திட்டும். ரன்டைம் என்னென்ன இருக்குன்னு பாக்க 'டாட்நெட் --லிஸ்ட்-ரன்டைம்ஸ்' அடிக்கணும். ஆனா வெண்டர் கேட்ட ஃப்ரேம்வொர்க் விண்டோஸோடவே வர்ற பழைய குடும்பம், இந்த கமாண்டுக்கு அது கண்ணுலயே படாது. 6 இருக்குறதுனால 4.7.2 இருக்குன்னு ஆகாது, 6 இல்லாததுனால 4.7.2 இல்லன்னும் ஆகாது. மைக்ரோசாஃப்ட் ரெண்டுக்கும் கிட்டத்தட்ட ஒரே பேரு வச்சது யாரோட புண்ணியமோ தெரியல.

வெண்டர் ஹெல்ப்லைன்ல கேட்டப்போ "கண்ட்ரோல் பேனல்ல பாருங்க"ன்னாங்க. விண்டோஸ் 10-ல புரோகிராம்ஸ் லிஸ்ட்ல ஃப்ரேம்வொர்க் பொதுவா வராது, விண்டோஸ் ஃபீச்சர்ஸ் உள்ள 4.8 அட்வான்ஸ்டு சர்வீசஸ்னு ஒரு வரி வரும், பழைய பில்ட்ல வேற நம்பரோட வரும். ஒரு பிசிக்கு அது போதும், முப்பது பிசிக்கு யாரு உக்காந்து கிளிக் பண்றது.

எங்க டீம்லயே ஒருத்தர் 'டபிள்யூஎம்ஐசி புராடக்ட்' கமாண்ட்ல லிஸ்ட் எடுக்கலாமான்னு கேட்டாரு. அது வேணாம்னு உடனே முடிவு பண்ணிட்டோம். அந்த கமாண்ட் சும்மா படிச்சுட்டுப் போறது கிடையாது, இன்ஸ்டால் ஆன ஒவ்வொரு பேக்கேஜையும் சரியா இருக்கான்னு செக் பண்ணும், தேவைப்பட்டா ரிப்பேரே ஆரம்பிச்சுடும். தீபாவளி சீசன்ல எதையும் தொடாதேன்னு சொன்ன எடத்துல அத ஓட விட்டா பிரச்சனைய நாமளே கூப்பிட்டு வைக்கிற மாதிரி.

எந்த கமாண்ட், ஏன்

எடுத்துக்கிட்ட முறை ரெஜிஸ்ட்ரி, அதாவது விண்டோஸ் தன்னோட செட்டிங் எல்லாத்தையும் சேத்து வைக்கிற எடத்துலேர்ந்து படிக்கிறது. கமாண்ட் பிராம்ப்ட்ல 'ரெக் குவரி' அடிச்சு, ஹெச்கேஎல்எம்\சாஃப்ட்வேர்\மைக்ரோசாஃப்ட்\நெட் ஃப்ரேம்வொர்க் செட்டப்\என்டிபி\வி4\ஃபுல்னு பாதை குடுத்து, பாதையில இடைவெளி இருக்குறதால மேற்கோள் குறி போட்டு, கடைசில 'ரிலீஸ்'ங்கிற வேல்யூவ மட்டும் கேக்குறது. 4.5-லேர்ந்து இந்த ரிலீஸ் நம்பர்தான் உண்மையான அடையாளம். அந்த வேல்யூவே இல்லன்னா 4.5 கூட அந்த மெஷின்ல இல்லன்னு அர்த்தம்.

அதே எடத்துல 'வெர்ஷன்'னு இன்னொரு வேல்யூவும் இருக்கு, பாக்க நல்லா புரியுற மாதிரி தெரியும், அதான் ஏமாத்தும். 4.6.2 இருக்குற மெஷின்ல அது 4.6.01586-னு காட்டும், 4.7.2-க்கு 4.7.03062-னு காட்டும். பாக்குறவரு 4.6, 4.7-னு எழுதிட்டுப் போயிடுவாரு. வெண்டர் கேக்குறது 4.7.2, அப்போ 4.7-னு எழுதினா அது தேறுமா தேறாதான்னே தெரியாது.

ரிலீஸ் நம்பர் எதுலேர்ந்து எதுன்னு ஒரு தாள்ல எழுதி ஒட்டி வச்சுக்கிட்டோம்: 378389-லேர்ந்து 4.5, 378675-லேர்ந்து 4.5.1, 379893 4.5.2, 393295 4.6, 394254 4.6.1, 394802 4.6.2, 460798 4.7, 461308 4.7.1, 461808 4.7.2, 528040 4.8, 533320 4.8.1. இதுல சமம்னு பாக்கக்கூடாது, இதுக்கு மேலயோ சமமோன்னு பாக்கணும், ஏன்னா ஒரே 4.8-க்கே விண்டோஸ் பில்டப் பொறுத்து 528040, 528049, 528372, 528449-னு பல நம்பர் உண்டு. எங்க கேள்வி சுருக்கமா இவ்ளோதான்: நம்பர் 461808 அல்லது அதுக்கு மேலயா?

எப்படி எல்லா மெஷின்லயும் ஓட்டுறதுன்னு யோசிச்சோம். ஆபீஸ்ல ஒரு எடத்துல உக்காந்து மத்த பிசி ரெஜிஸ்ட்ரிய படிக்கலாம், ஆனா அதுக்கு ரிமோட் ரெஜிஸ்ட்ரி சர்வீஸ் ஓடணும், விண்டோஸ் 10-ல அது சும்மாவே டிசேபிள்ல இருக்கும். ஒரு லிஸ்டுக்காக அத எல்லா பிசியிலயும் திறந்து விடுறது சரியா படல. அதனால லாகின் ஸ்கிரிப்ட்ல ஒரு வரி சேத்து, ஒவ்வொரு பிசியும் காலைல லாகின் ஆகும்போது அதுவே தன்னோட ரிலீஸ் நம்பர ஒரு ஷேர்டு ஃபோல்டர்ல எழுதிட்டுப் போற மாதிரி வச்சோம். சர்வர் ரெண்டுலயும் கையால ஓட்டினோம்.

லிஸ்ட் சொன்னதும் உண்மையும்

ரெண்டு நாள்ல எல்லாம் வந்து சேந்துடுச்சு. ஜூனியர் தம்பி அத எக்ஸெல்ல போட்டு, 461808-க்கு மேல இருந்தா ஓகே, கம்மின்னா அப்கிரேடுன்னு ஒரு ஃபார்முலா போட்டு அனுப்பினாரு. ஆபீஸ் சர்வர் 2016 அப்கிரேடு, குடோன்ல எடை மெஷினோட சேந்த ஒரு பிசி அப்கிரேடு, மத்ததெல்லாம் பச்சை. குடோன் சர்வர் 2012 ஆர்2-வும் பச்சை.

இந்த கடைசி பச்சைய சீனியர் அண்ணன் ஒருத்தர் பாத்துட்டு நிறுத்தினாரு. 2012 ஆர்2-வோட வர்றது 4.5.1. யாராவது மேல ஏத்தியிருந்தா ஒழிய அது 4.7.2-வ தாண்டவே முடியாது, அந்த சர்வர்ல அப்டேட் ஹிஸ்டரில அப்படி எதுவும் இல்ல. அப்போ எக்ஸெல் சொல்றது பொய். "தம்பி, அந்த ஃபைல திற, அந்த மெஷின் என்ன எழுதியிருக்குன்னு அப்படியே காட்டு"ன்னாரு.

திறந்து பாத்தா விஷயம் புரிஞ்சுது. ரெக் குவரி இந்த வேல்யூவ நம்ம பத்து அடிமான எண்ணுல காட்டாது, ஹெக்ஸ்ல காட்டும், அதாவது 0-லேர்ந்து 9-ஓட ஏ-லேர்ந்து எஃப் வரைக்கும் எழுத்தும் சேந்து வர்ற பதினாறு அடிமான எண்ணுல. சர்வர் 2016 எழுதினது 0எக்ஸ்60632. அத மாத்தினா 394802, அதாவது 4.6.2. குடோன் சர்வர் எழுதினது 0எக்ஸ்5சி733, அது 378675, அதாவது 4.5.1. தம்பி ஸ்கிரிப்ட்ல முன்னாடி இருக்குற 0எக்ஸ்-ஐ மட்டும் வெட்டிட்டு மிச்சத்த அப்படியே எக்ஸெல்ல போட்டிருந்தாரு. 60632-ல எழுத்தே இல்ல, அதனால எக்ஸெல் அத நம்பரா எடுத்துக்கிச்சு, 461808-க்கு கம்மி, அப்கிரேடுன்னு சொல்லிடுச்சு. விடை சரி, வழி தப்பு. 5சி733-ல ஒரு எழுத்து இருக்கு, எக்ஸெல்லுக்கு அது டெக்ஸ்ட். டெக்ஸ்டையும் நம்பரையும் ஒப்பிடச் சொன்னா எக்ஸெல் எப்பவும் டெக்ஸ்ட்தான் பெருசுன்னு சொல்லும், உள்ள என்ன இருந்தாலும். 4.8 இருக்குற பிசிங்க எழுதினது 80எஃப்எஃப்4 மாதிரி, அதுவும் டெக்ஸ்ட், அதுவும் பச்சை. அப்போ அந்த ஷீட்ல பச்சைன்னா ஹெக்ஸ்ல ஒரு எழுத்து இருக்குன்னு மட்டும்தான் அர்த்தம். எல்லாத்துலயும் பழைய மெஷின் பச்சையாவும், அதவிட புதுசு சிவப்பாவும் வந்தது இப்படித்தான்.

தம்பி சங்கடப்பட்டாரு, ஆனா அவரு மேல சொல்ல ஒண்ணுமில்ல, முக்கால்வாசி மெஷினுக்கு விடை சரியாவே வந்துச்சு, அதனாலதான் யாருக்கும் சந்தேகம் வரல. அண்ணன் புடிச்சதும் ஃபார்முலாவ பாத்து இல்ல, எந்த விண்டோஸோட எந்த ஃப்ரேம்வொர்க் வரும்னு அவருக்கு மனப்பாடமா தெரியும்ங்கிறதால. சர்வர் 2012 ஆர்2-ன்னா 4.5.1, 2016-ன்னா 4.6.2, 2019-ன்னா 4.7.2, 2022-ன்னா 4.8. இந்த நாலு வரி தெரிஞ்சிருந்தா எந்த லிஸ்டையும் ஒரு பார்வையில சோதிச்சுடலாம்.

ஸ்கிரிப்ட பவர்ஷெல்லுக்கு மாத்தினோம், அது நேரா பத்து அடிமானத்துலயே நம்பர் குடுக்கும். அதுலயும் ஒரு சின்ன சிக்கல்: ஒரே வேல்யூவ நேரா எடுக்குற 'கெட்-ஐட்டம்ப்ராபர்ட்டிவேல்யூ' பவர்ஷெல் 5-லதான் வந்துச்சு, 2012 ஆர்2-வோட வர்றது 4, அங்க அந்த கமாண்ட் கிடையாது. 'கெட்-ஐட்டம்ப்ராபர்ட்டி'ய போட்டு அதுலேர்ந்து ரிலீஸ எடுத்தா எல்லா மெஷின்லயும் ஓடும். ரெண்டாவது லிஸ்ட்ல பிசிங்க பெரும்பாலும் 528372, ஒண்ணு ரெண்டு 533325, எடை மெஷின் பிசி மட்டும் 394802. அது 2016-ல வந்த நீண்டகால சப்போர்ட் எடிஷன் விண்டோஸ் 10, அதனாலதான் சர்வர் 2016-ஓட அதே நம்பர்.

எடுத்த முடிவுகள்

ஆபீஸ் சர்வருக்கு 4.7.2 போதும், ஆனா 4.8 போடுறதா முடிவாச்சு. சர்வர் 2016-ல ஏறக்கூடிய கடைசி வெர்ஷன் 4.8 தான், 4.8.1-க்கு அதுல சப்போர்ட் இல்ல. ரீஸ்டார்ட் எப்படியும் ஒரு தடவ பண்ணித்தான் ஆகணும், பண்றத கடைசி வெர்ஷனுக்கே பண்ணிட்டா அடுத்த வருஷம் வெண்டர் இன்னொரு மெயில் அனுப்பினாலும் கவலையில்ல. சர்வர்லேர்ந்து நேரா இன்டர்நெட்டுக்குப் போக முடியாது, அதனால வெப் இன்ஸ்டாலர் வேலைக்கு ஆகாது, முழு ஆஃப்லைன் இன்ஸ்டாலர இறக்கி எடுத்துட்டுப் போனோம். எடை மெஷின் பிசிக்கும் அதே ஃபைல்.

குடோன் சர்வர் கொஞ்சம் யோசிக்க வச்சுது. 2012 ஆர்2-க்கு மைக்ரோசாஃப்ட் சப்போர்ட் 2023 அக்டோபர் 10-ஓட முடிஞ்சு போச்சு. அதுல அக்கவுண்ட்ஸ் கிளையண்ட் கிடையாது. லேபிள் புரோகிராம் ஓடுறது 3.5-ல, அது 4 குடும்பத்தோட கலக்காம தனியா பக்கத்துலயே இருக்கும். 4.8 ஏத்தினா லேபிளுக்கு ஒண்ணும் ஆகாதுன்னு தெரியும், ஆனா ஏத்தறதுக்கு ஒரு காரணமும் இல்ல. வெண்டரோட கண்டிஷன் கிளையண்ட் இருக்குற மெஷினுக்குத்தான். அதனால அத தொட வேணாம், 2024-ல மெஷினையே மாத்திடலாம்னு எழுதி வச்சு முதலாளிகிட்ட கையெழுத்து வாங்கினோம்.

டிசம்பர் 9 சனிக்கிழமை சாயந்தரம் கடை சாத்தினதுக்கப்புறம் வேலை. பேக்கப், இன்ஸ்டால், ரீஸ்டார்ட், திரும்ப ரிலீஸ் நம்பர். 528049 வந்துச்சு, 4.8. வெண்டர் ஆளு ரிமோட்ல வந்து புது பில்ட ஏத்தினாரு. அக்கவுண்ட்ஸ் அக்கா வீட்டுலேர்ந்தே டெஸ்ட் கம்பெனில ஜனவரி தேதி போட்டு ஒரு இன்வாய்ஸ் அடிச்சு பாத்தாங்க, 9 சதவீதம் சரியா விழுந்துச்சு. "இந்த வருஷமாவது நியூ இயருக்கு தூங்கலாம்"னாங்க.

திங்கக்கிழமை

டிசம்பர் 11 காலைல ஆறு மணிக்கு குடோன்லேர்ந்து லாரி கிளம்புச்சு, அதுல இட்லி அரிசி மூட்டை நெறைய. பத்து மணிக்கு சேல்ஸ்ல ஸ்கிரீனப் பாத்து அதே மூட்டைங்க இன்னும் குடோன்ல இருக்குன்னு நெனச்சு வேற ரெண்டு ரெஸ்டாரண்டுக்கு ஆர்டர் எடுத்துட்டாங்க. குடோன் சூப்பர்வைசர் ஃபோன் பண்ணி "மூட்டையே இல்ல, எத அனுப்புறது"ன்னு கேட்டப்பதான் ஸ்டாக் நம்பர் சனிக்கிழமையோட நின்னு போயிருக்குன்னு தெரிஞ்சுது.

டாஸ்க் ஷெட்யூலர்ல பாத்தா அந்த குட்டி ஜாப் மணிக்கு ஒரு தடவ ஒழுங்கா ஓடியிருக்கு, கடைசி ரிசல்ட் 0, அதாவது வெற்றி. ஆனா அந்த புரோகிராம் எழுதினவரு எந்த எரர் வந்தாலும் புடிச்சு ஒரு டெக்ஸ்ட் ஃபைல்ல எழுதிட்டு நல்ல பிள்ளையா முடிச்சுக்குற மாதிரி எழுதியிருந்தாரு. அந்த டெக்ஸ்ட் ஃபைல் பூரா ஒரே வரி: எஸ்எஸ்எல் டிஎல்எஸ் செக்யூர் சேனல் உருவாக்க முடியல. டிஎல்எஸ்ங்கிறது ரெண்டு மெஷின் நெட்வொர்க்ல பாதுகாப்பா பேசிக்கிற முறை.

காரணம் இதுதான். வெண்டர் புது பில்ட் ஏத்தும்போது ஆபீஸ் சர்வர்ல பழைய டிஎல்எஸ் 1.0, 1.1 ரெண்டையும் மூடிட்டு 1.2 மட்டும் விட்டிருந்தாங்க. பாதுகாப்புக்கு அது சரியான வேலைதான், மெயில்ல ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். குடோன் ஜாப் 4.5-க்குன்னு கட்டின புரோகிராம். 4.5 காலத்து புரோகிராமுக்கு டிஎல்எஸ் 1.2 பேசத் தெரியும், ஆனா தானா பேசாது, சும்மா விட்டா 1.0-லதான் ஆரம்பிக்கும். இந்தப் பக்கம் 1.0, அந்தப் பக்கம் 1.2 மட்டும், கதவு திறக்கல.

உடனே வந்த யோசனை குடோன் சர்வர்லயும் 4.8 ஏத்திடலாம்ங்கிறது. பாதி டீம் அதுக்கு ரெடி. அதுக்கு வேணாம்னு சொன்ன காரணம்தான் இந்த மொத்த நிகழ்வுலயே எனக்கு முக்கியமா படுது. மெஷின்ல என்ன வெர்ஷன் இருக்குங்கிறது ஒரு கேள்வி, புரோகிராம் எந்த வெர்ஷனுக்குன்னு கட்டினதுங்கிறது வேற கேள்வி. 4.6-லேர்ந்து டீஃபால்ட் மாறிச்சுங்கிறது உண்மை, ஆனா 4.6-க்கோ அதுக்கு மேலயோ குறி வச்சு கட்டின புரோகிராமுக்குத்தான் அந்த மாத்தம். 4.5-க்குன்னு கட்டினத 4.8 மேல ஓட்டினாலும், பழசு உடையக்கூடாதுன்னு ஃப்ரேம்வொர்க் அதுக்கு பழைய நடத்தையத்தான் குடுக்கும். 4.8 ஏத்தியிருந்தா பட்டப்பகல்ல குடோன் சர்வர ரீஸ்டார்ட் பண்ணிட்டு, லேபிளும் நின்னு, அதே எரரத்தான் பாத்திருப்போம்.

செஞ்சது ரெஜிஸ்ட்ரில 'எஸ்சிஹெச் யூஸ் ஸ்ட்ராங் கிரிப்டோ'ன்னு, பழைய புரோகிராமையும் டிஎல்எஸ் 1.2 பேச வைக்கிற ஒரு வேல்யூவ 1-ஆ வைக்கிறது. இது மைக்ரோசாஃப்ட்\டாட்நெட்ஃப்ரேம்வொர்க்\வி4.0.30319 கீழ வரும், பழைய இன்வென்டரில பாத்த அதே நம்பர்தான், இந்த எடத்துல அதுதான் சரியான பாதை. ரெண்டு எடத்துல வைக்கணும்: நேரான பாதையில ஒண்ணு, 'வாவ்6432நோட்' கீழ ஒண்ணு. முதலாவது 64 பிட் புரோகிராமுக்கு, ரெண்டாவது 32 பிட்டுக்கு. இந்த ஜாப் 32 பிட், அதனால முதல் எடத்துல மட்டும் வச்சிருந்தா ஒண்ணும் மாறியிருக்காது, இத பல பேரு ஒரு எடத்துல வச்சுட்டு வேலை செய்யலன்னு தலைய பிச்சுக்குவாங்க. ரீஸ்டார்ட் தேவையில்ல, ஜாப் அடுத்த தடவ ஓடும்போது புது வேல்யூவ எடுத்துக்கும். அந்த மெஷின்ல ஓடுற எல்லா டாட் நெட் 4 புரோகிராமுக்கும் இது பொருந்தும்ங்கிறத சூப்பர்வைசர்கிட்ட சொல்லிட்டுத்தான் வச்சோம், அங்க வேற எதுவும் பழைய டிஎல்எஸ்ஸ நம்பி ஓடல.

மத்தியானத்துக்குள்ள தேங்கிக் கெடந்த ஃபைலெல்லாம் போய் சேந்துச்சு, ஸ்டாக் நேராச்சு. ரெண்டு ரெஸ்டாரண்டுக்கும் மறுநாள் காலைல அரிசி போச்சு, ஒருத்தரு கொஞ்சம் சத்தம் போட்டாரு.

பிறகு மாத்தினது

இன்வென்டரில வெர்ஷன்னு ஒரே காலம் (column) இருந்தத எடுத்துட்டோம். இப்போ ரிலீஸ் நம்பர் பத்து அடிமானத்துல ஒரு காலம், 'லிஸ்ட்-ரன்டைம்ஸ்' என்ன சொல்லுதுன்னு ஒரு காலம், 3.5 இருக்கான்னு ஒரு காலம். 3.5-க்கு அதே என்டிபி கீழ வி3.5-ல 'இன்ஸ்டால்' 1-ஆன்னு பாக்குறோம். கமாண்ட் குடுத்த வரிய யாரும் மாத்தாம அப்படியே ஒரு ஃபைல்ல வைக்கிறோம், எக்ஸெல் அதுக்கப்புறம்தான். தம்பி இப்போ எந்த ஷீட்லயும் பச்சை சிவப்பு போடுறதுக்கு முன்னாடி அந்த காலம் நம்பரா டெக்ஸ்டான்னு ஒரு செக் போட்டு வைக்கிறாரு, எங்க மத்த கஸ்டமர் ஷீட்லயும்.

முன்னாடி இல்லாத ஒரு ஷீட் புதுசா வந்திருக்கு, அது புரோகிராம் வாரியா. ஒவ்வொரு புரோகிராமும் எந்த ஃப்ரேம்வொர்க்குக்கு கட்டினது, 32-ஆ 64-ஆ, யாருகிட்ட நெட்வொர்க்ல பேசுது. குறி வச்ச வெர்ஷன் பெரும்பாலும் புரோகிராம் பக்கத்துல இருக்குற கான்ஃபிக் ஃபைல நோட்பேட்ல திறந்தாலே 'சப்போர்ட்டட் ரன்டைம்' வரியில தெரியும். அந்த வரி இல்லாத புரோகிராமுக்கு எழுதினவங்களத்தான் கேக்கணும், ரெண்டு பேரு இன்னும் பதில் போடல.

அப்கிரேடு டெஸ்ட் லிஸ்ட்ல சர்வர்கிட்ட பேசுற எல்லா மெஷினும் வரும், கிளையண்ட் போட்டதா இல்லையாங்கிறது கணக்கில்ல. குடோன் ஜாப எழுதினவரு எரர் வந்தா 1 திருப்புற மாதிரி மாத்திக் குடுத்தாரு, ஷெட்யூலர் இப்போ உண்மை பேசுது. வெண்டர்கிட்ட அப்கிரேடுல சர்வர் செட்டிங் எதையாவது மூடினா முன்னாடியே எழுத்துல சொல்லணும்னு கேட்டிருக்கோம், சரின்னாங்க, அடுத்த அப்கிரேடுல பாப்போம்.

இப்போதைய நிலை

2024 ஜனவரி 2 காலைல முதல் இன்வாய்ஸ் 9 சதவீதத்துல போச்சு, கிரெடிட் நோட் வேலை வரல. அந்த வருஷமே குடோன் சர்வர் போயி அந்த எடத்துல சர்வர் 2022 வந்துச்சு, ரிலீஸ் நம்பர் 528449, அதாவது அதோடவே வந்த 4.8. லேபிள் புரோகிராமுக்கு 3.5 தனியா ஏத்த வேண்டியிருந்துச்சு, நெட் இல்லாததால சாதாரணமா ஃபீச்சர டிக் பண்ணினா 0எக்ஸ்800எஃப்081எஃப்-னு நின்னுடுச்சு, விண்டோஸ் டிஸ்க்ல இருக்குற எஸ்எக்ஸ்எஸ் ஃபோல்டர 'டிஐஎஸ்எம்' கமாண்டுக்கு சோர்ஸா காட்டினதும் ஏறிடுச்சு. 3.5-க்கு சப்போர்ட் 2029 ஜனவரி 9 வரைக்கும் இருக்கு, லேபிள் புரோகிராம அதுக்குள்ள மாத்தணும். அதுக்கு முன்னாடி ஆபீஸ் சர்வர் முறை: 2016-க்கு 2027 ஜனவரி 12-ஓட முடியுது, எடை மெஷின் பிசியோட விண்டோஸுக்கு 2026 அக்டோபர்லயே முடியுது. ரெண்டுக்கும் கொட்டேஷன் போயிருக்கு, தீபாவளிக்கு முன்னாடி வேணாம்ங்கிற கண்டிஷனோட.